யாரும் ஏறாத மூன்று நாட்கள்

கூத்தனேந்தல் ரயில் நிலையத்தில் இனிமேல் ஒரு பெண்பிள்ளை டிக்கெட் கொடுக்கப் போகிறாள் என்று கேள்விப்பட்டபோது எங்கள் ஊர் ஆண்கள் பெண்பிள்ளையா என்று இரண்டு தடவை கேட்டார்கள். 1972ஆம் வருஷம், மல்லாட்டை, அதாவது நிலக்கடலைச் செடி பிடுங்கும் சமயம். அதுவரை டிக்கெட் கொடுத்துக்கொண்டிருந்த அப்பாசாமி கண்பார்வை மங்கி மகன் வீட்டுக்குப் போய்விட்டார். அவர் இடத்துக்கு வர இரண்டே நிபந்தனைகள்தான். எட்டாவது தேறியிருக்க வேண்டும், ஊரிலேயே குடியிருக்க வேண்டும். தேறிய ஆண்கள் ஏழெட்டுப் பேர் இருந்தார்கள். ஒருவரும் விண்ணப்பம் போடவில்லை. ஒரு நாளைக்கு நாலு தடவை வரப்பு தாண்டிப் போய் ரயிலுக்குக் காத்துக் கிடப்பது கௌரவக் குறைச்சலாகப் பட்டது. எங்கள் தெரு சகாதேவன் அண்ணனுடைய மனைவி ராஜம்மாள் போட்டார். வேலை அவருக்கே வந்தது.

நிலையம் என்று சொல்லிவிட்டேன். பெரிதாக நினைத்துக்கொள்ள வேண்டாம். காட்பாடிக்கும் விழுப்புரத்துக்கும் நடுவே ஓடும் மீட்டர் கேஜ் பாதையில், திருவண்ணாமலைக்கு வடக்கே பன்னிரண்டு கிலோமீட்டரில் இருந்தது. ஓர் அறை, அதில் ஒரு ஜன்னல், வெளியே ஒரு புங்கமரம், மூன்று மொழிகளில் ஊர்ப் பெயர் எழுதிய பலகை, அவ்வளவுதான். ஸ்டேஷன் மாஸ்டர் கிடையாது. சிக்னல் கிடையாது. டிக்கெட் விற்பவர் ரயில்வேயில் சம்பளம் வாங்குகிறவரும் இல்லை, கமிஷன் ஏஜென்ட். இந்த மாதிரி நிறுத்தத்தை ரயில்வேக்காரர்கள் ஹால்ட் என்பார்கள். நாங்கள் ஸ்டேஷன் என்றே சொன்னோம்.

அப்படிச் சொல்ல எங்களுக்குப் பாத்தியதை இருந்தது. 1959 வரைக்கும் ரயில் எங்கள் வயல்களின் ஊடே புகையை விட்டுக்கொண்டு போகுமே தவிர நிற்காது. பிளாட்பாரத்துக்கு மண்மேடு போட்டுக் கொடுத்தால் நிறுத்துகிறோம் என்று அதிகாரிகள் சொன்னதும் ஊரே கூடை கூடையாக மண் சுமந்தது. என் அப்பாவும் சுமந்தார். முதல் ரயில் நின்ற அன்று எஞ்சினுக்கு மாலை போட்டு, தேங்காய் உடைத்து, டிரைவருக்குச் சர்க்கரைப் பொங்கல் கொடுத்தார்கள். எனக்கு அப்போது பதினோரு வயது.

ராஜம்மாள் அண்ணி போளூர் பக்கத்துப் பெண். உயரமானவர், குரல் இன்னும் உயரம். டிக்கெட் கொடுக்க வந்த முதல் வாரத்திலேயே ரயில் கார்டுகள் எல்லாரையும் பெயரோடு தெரிந்துகொண்டார். வரப்பில் யாராவது ஓடி வருவது தெரிந்தால் கார்டு பெட்டிக்குப் பக்கத்தில் போய் நின்றுகொண்டு, “சார், பெரிய பொண்ணுக்கு மாப்பிள்ளை அமைஞ்சுதா?” என்று பேச்சுக் கொடுப்பார். கார்டு பதில் சொல்லி முடிப்பதற்குள் ஓடி வந்தவர் ஏறிவிடுவார். கார்த்திகைத் தீபத்தன்று ரயிலில் கால் வைக்க இடம் இருக்காது. அன்றைக்கு அவர் பெட்டி பெட்டியாக ஓடி, உள்ளே இருப்பவர்களை அதட்டி நகரவைத்து, எங்கள் ஊர்ப் பெண்களையும் கிழவர்களையும் ஏற்றிவிட்டுத்தான் ஜன்னலுக்குத் திரும்புவார். ஒரு தடவை அவருடைய புடவைத் தலைப்பு கதவிடுக்கில் மாட்டி, அவர் நாலடி ரயிலோடு ஓடியதை நானே பார்த்தேன்.

நான் தருமன். திருவண்ணாமலை தாலுகா ஆபீசில் குமாஸ்தா. காலை ரயிலில் போய் மாலை ரயிலில் திரும்புகிறவன். அந்த ரயிலில் போகிறவர்கள் எல்லாரும் எனக்கு உறவு மாதிரிதான். கீரைக்கட்டு விற்கும் பொன்னி, பால் ஊற்றும் சடையன், காலேஜ் பிள்ளைகள், ஆஸ்பத்திரிக்குப் போகிறவர்கள் என்று காலை வண்டியில் மட்டும் எண்பது, தொண்ணூறு பேர் ஏறுவோம். பஸ் பிடிப்பதென்றால் நாலு கிலோமீட்டர் நடந்து தார் ரோட்டுக்குப் போக வேண்டும்.

விஷயம் எப்போது ஆரம்பித்தது என்று எனக்கு நன்றாக நினைவிருக்கிறது. 1974ல் ஒரு மழைநாள். பொன்னி தலையில் ஒரு கூடை, இடுப்பில் ஒரு கூடையோடு சேற்றில் வழுக்கி வழுக்கி வந்து சேர்ந்தாள். ரயில் ஊதிவிட்டது. ஜன்னலுக்குப் போனால் வண்டி போய்விடும்.

“ஏறுடி, ஏறு. டிக்கெட்ட அப்பாலப் பார்த்துக்கலாம்” என்றார் அண்ணி. பொன்னி ஏறினாள்.

அதற்கு அடுத்த வாரம் பரீட்சைக்குப் போகும் இரண்டு பையன்கள் அப்படி ஏறினார்கள். பிறகு சடையன். திருவண்ணாமலையில் இறங்கும்போது கேட்டுக்குப் போகாமல் கூட்ஸ் ஷெட் வேலியில் இருந்த ஓட்டை வழியாக வெளியே போய்விடலாம் என்பது எல்லாருக்கும் தெரிந்துபோனது. இரண்டு வருஷத்துக்குள் டிக்கெட் வாங்குகிறவர்கள்தான் விநோதமானவர்கள் என்று ஆகிவிட்டது.

அண்ணி சும்மா இருக்கவில்லை. ஜன்னலிலிருந்து தலையை நீட்டிக் கத்துவார். “டிக்கெட்டு வாங்கிக்கினு போங்களேன்யா. நான் இன்னாத்துக்குக் குந்திகினு கீறேன் இங்க?”

“நாம வாங்கலன்னா ரயிலு ஓடாதா அண்ணி? அது பாட்டுக்கு ஓடுது” என்பார் அப்பாதுரை. ஊரில் நாலு பேர் மதிக்கிற விவசாயி. அவரே அப்படிச் சொன்னபிறகு மற்றவர்களுக்கு என்ன?

நானும் வாங்கவில்லை. சர்க்கார் சம்பளம் வாங்குகிறவன், சீசன் டிக்கெட் எடுக்க முடியாதவன் இல்லை. ஆனால் எண்பது பேர் சிரித்துக்கொண்டு சும்மா ஏறும்போது நான் மட்டும் ஜன்னலுக்குப் போய் நிற்க வெட்கமாக இருந்தது. இதை இப்போது எழுதும்போது கை கூசுகிறது. அப்போது கூசவில்லை.

இப்படியே எட்டு வருஷம் போனது.

1982 ஐப்பசியில் திருவண்ணாமலை ஸ்டேஷன் டீக்கடையில் ஒரு பேச்சு அடிபட்டது. கூத்தனேந்தலுக்கு இன்ஸ்பெக்டர் வருகிறார், மூன்று நாள் உட்கார்ந்து செக்கிங் பண்ணப் போகிறார் என்று. சடையன்தான் அதைக் கேட்டு ஊருக்குக் கொண்டுவந்தான். அன்று சாயங்காலமே அப்பாதுரை தெருத்தெருவாகச் சொல்லிவிட்டார். “மூணு நாளைக்கு எவனும் ஸ்டேஷன் பக்கம் தலை வெச்சிப் படுக்காதீங்க. மாட்டுனா அபராதம், இல்லன்னா ஜெயிலு.”

ஊர் அந்த விஷயத்தில் ஒற்றுமையாக இருந்தது. பால் சைக்கிளில் போனது. பிள்ளைகள் காலேஜுக்கு மட்டம் போட்டார்கள். பொன்னி நாலு கிலோமீட்டர் கீரைக்கூடையைச் சுமந்து பஸ்ஸுக்குப் போனாள். நான் என் மச்சான் சைக்கிளை வாங்கிக்கொண்டு மூன்று நாளும் ஆபீசுக்கு மிதித்தேன்.

இன்ஸ்பெக்டர் பெயர் சக்கரவர்த்தி. கெட்ட மனிதர் இல்லை. அபராதம் போடவும் அவர் வரவில்லை. ஒரு நோட்டை மடியில் வைத்துக்கொண்டு புங்கமரத்தடியில் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தாராம். ஒவ்வொரு ரயிலும் வந்து நின்றது. காலியான மேட்டைப் பார்த்துவிட்டுக் கிளம்பியது. விஷயம் தெரியாத வெளியூர்க்காரர்கள் மூன்று நாளும் சேர்ந்து இருபத்திரண்டு பேர் டிக்கெட் வாங்கி ஏறியிருக்கிறார்கள். அண்ணி அவருக்கு மோர் கொடுத்திருக்கிறார், மூன்றாம் நாள் மத்தியானம் வீட்டிலிருந்து சாப்பாடும் கொண்டுவந்து கொடுத்திருக்கிறார். அதைச் சாப்பிட்டுக் கை கழுவிவிட்டு அவர் கேட்டிருக்கிறார்.

“ஏம்மா, வழக்கமா ஒரு நாளைக்கு எத்தனை பேர் ஏறுவாங்க? இந்த மூணு நாள் மாதிரிதானா, இல்ல ஜாஸ்தியா?”

அந்த நேரத்தில் என்ன நினைத்தார் என்று அண்ணி பிற்பாடு என்னிடம் சொன்னார். நூறு, நூற்றிருபது என்று நிஜத்தைச் சொன்னால், அப்படியானால் டிக்கெட் ஏன் பத்துகூடப் போகவில்லை என்று கேட்பார். ஊரே மாட்டிக்கொள்ளும். தருமன் வேலை போய்விடும், பொன்னியைப் பிடித்துப் போவார்கள், பிள்ளைகள் படிப்பு கெடும்.

“கம்மிதாங்க சார். பத்து, பதினஞ்சு பேரு. அதுக்கு மேல இருக்காது” என்று சொன்னார்.

“நல்லா யோசிச்சுச் சொல்லுங்கம்மா.”

“பத்து வருஷமா இங்கதான சார் குந்திகினு கீறேன். எனக்குத் தெரியாதா?”

அவர் அதை எழுதி, கீழே கையெழுத்து வாங்கிக்கொண்டார். போகும்போது ஏனோ அந்த நிலையத்தை ஒரு தடவை சுற்றிப் பார்த்தாராம். அண்ணிக்கு அதற்கு அர்த்தம் தெரியவில்லை. தொல்லை விட்டது என்று மட்டும் தோன்றியது. மறுநாள் காலை நாங்கள் எல்லாரும் வழக்கம்போலச் சிரித்துக்கொண்டு ரயில் ஏறினோம். ஊரைக் காப்பாற்றிவிட்டாய் அண்ணி என்று அப்பாதுரை சொன்னார். அண்ணியும் சிரித்தார்.

1983 மே மாதக் கடைசியில் ஓர் ஆள் சைக்கிளில் பசை வாளியோடு வந்து, ஜன்னலுக்குப் பக்கத்துச் சுவரில் ஒரு காகிதத்தை ஒட்டிவிட்டுப் போனான். ஜூன் ஒன்றாம் தேதி முதல் கூத்தனேந்தலில் எந்த வண்டியும் நிற்காது, நிலையம் மூடப்படுகிறது என்று அதில் இருந்தது. அண்ணி அதை இரண்டு தடவை படித்துவிட்டு என்னைக் கூப்பிட்டுக் காட்டினார். “தம்பி, நீ ஆபீஸ்ல இருக்கிறவன். இதுக்கு இன்னா அர்த்தம், சரியாச் சொல்லு.” எழுதியிருந்ததுதான் அர்த்தம். ஆனாலும் எங்களுக்கு நம்பிக்கை வரவில்லை. இருபத்துநாலு வருஷமாக நிற்கிற ரயில் ஒரு காகிதத்துக்காக நிற்காமல் போகுமா என்றே பேசிக்கொண்டோம்.

ஜூன் ஒன்றாம் தேதி காலை எண்பது பேரும் மேட்டில் நின்றோம். ரயில் தூரத்தில் ஊதியது. வழக்கமாக வேலமரத் திருப்பத்தில் வேகம் குறையும். அன்று குறையவில்லை. டிரைவர் எங்களைப் பார்த்துக் கையை இப்படியும் அப்படியும் ஆட்டினார், நிற்காது என்பதுபோல. எஞ்சின் காற்று அடித்ததில் முன்னால் நின்றவர்கள் பின்னால் சாய்ந்தார்கள். ஜன்னல்களில் தெரிந்த முகங்கள், எங்களுக்குப் பழக்கமான முகங்கள், வாயைத் திறந்தபடியே போயின. கடைசிப் பெட்டியில் நின்ற கார்டு தலையைக் குனிந்துகொண்டார்.

ரயில் போனபிறகும் யாரும் நகரவில்லை. சடையனுடைய பால் கேனிலிருந்து பால் வழிந்துகொண்டிருந்தது. அவன் அதைப் பார்க்கவில்லை. எத்தனை நேரம் அப்படி நின்றோம் என்று எனக்குத் தெரியாது. அன்று நான் ஆபீசுக்குப் போகவில்லை என்பது மட்டும் தெரியும்.

மறுநாள் அண்ணியும் சகாதேவன் அண்ணனும் நானும் தார் ரோட்டுக்கு நடந்து, பஸ் ஏறி, திருவண்ணாமலை ஸ்டேஷனுக்குப் போய்க் கேட்டோம். அங்கே இருந்த கிளார்க் எனக்குத் தெரிந்தவர். பீரோவிலிருந்து ஒரு நகலை எடுத்து மேஜையில் வைத்தார்.

“பயணிகள் போதாதுனு மூடிட்டாங்க சார். மூணு நாள் ஆள் வெச்சு எண்ணியிருக்காங்க. நாளுக்கு எட்டுப் பேர்கூடத் தேறல. அதையும் அப்படியே எடுத்துக்கல பாருங்க, ஏஜென்ட்டையே கேட்டிருக்காங்க. பத்துப் பதினஞ்சு பேர்தான்னு அவங்களே எழுதிக் கொடுத்திருக்காங்க. இந்தாங்க, கையெழுத்து.”

ரா. ராஜம்மாள் என்று நீல மையில் குண்டு குண்டாக இருந்ததன் நகல் அது.

அண்ணி அந்த எழுத்தின்மேல் விரலை வைத்தார். எடுக்கவில்லை. “இதுக்காகவா எண்ணுனாங்க?” என்று கேட்டார். யாரைக் கேட்டார் என்று தெரியவில்லை. பிறகு அப்படியே, மேஜைக் காலைப் பிடித்துக்கொண்டு, தரையில் உட்கார்ந்துவிட்டார். சகாதேவன் அண்ணன் பஸ்ஸில் அவர் கையைப் பிடித்துக்கொண்டே வந்தார்.

எனக்கும் அப்போதுதான் உறைத்தது. செக்கிங்குக்கு வந்த இன்ஸ்பெக்டர் இல்லை அவர். எங்கள் நிலையம் இருக்கட்டுமா வேண்டாமா என்று பார்க்க வந்தவர். அந்த மூன்று நாளும் ஊர் முழுக்கக் கூடி நின்றிருந்தால் போதும். நாங்கள் ஒளிந்துகொண்டோம்.

அத்தோடு போயிருந்தால்கூட அது ஒரு வருத்தமான கதையாக முடிந்திருக்கும்.

ரயில் எங்கள் ஊரில் நிற்காதே தவிர, நிலையத்துக்கு அந்தப் பக்கம் ஏரிக்கால் பாலத்தில் அப்போது வேலை நடந்துகொண்டிருந்ததால் அங்கே ஊர்ந்துதான் போகும். நாலாம் நாளிலிருந்து ஆட்கள் அங்கே ஏறவும் இறங்கவும் ஆரம்பித்தார்கள். முதலில் இளவட்டங்கள், பிறகு சடையன், பிறகு பெண்கள். அண்ணி பாலத்தருகே போய் நின்று திட்டினார். யாரும் கேட்கவில்லை. ஜூன் பதினாலாம் தேதி மாலை பொன்னி அங்கே குதித்தாள். காலிக் கூடைகளை முதலில் கீழே போட்டுவிட்டு இறங்கியிருக்கிறாள். சரளைக்கல் சறுக்கி, வலது கால் சக்கரத்துக்குள் போய்விட்டது.

நான் அதே பெட்டியில் இருந்தேன். ரயில் நின்று நாங்கள் ஓடிப் போனபோது அவள் அழவில்லை. மண்ணில் முட்டுக்கொடுத்து உட்கார்ந்து சுற்றுமுற்றும் பார்த்துக்கொண்டிருந்தாள். “என் கூடைங்க ரெண்டும் எங்க போச்சு, தருமா?” என்று கேட்டாள். தன் காலை அவள் இன்னும் பார்க்கவில்லை. நான் சட்டையைக் கழற்றி அதன்மேல் போட்டேன். என்ன பதில் சொன்னேன் என்று இன்றைக்கும் ஞாபகம் வரவில்லை.

கால் முழங்காலுக்குக் கீழே போயிற்று. உயிர் தங்கியது.

பொன்னியை ஆஸ்பத்திரியில் பார்த்துவிட்டு வந்த அன்று சாயங்காலம் அண்ணி நேராக என் வீட்டுக்கு வந்தார். கையில் முழுத்தாள் காகிதம்.

“தம்பி, நான் சொல்றதை எழுது. உன் கையெழுத்துதான் ஆபீசருங்களுக்குப் புரியும்.”

எழுதினேன். கூத்தனேந்தல் ஏஜென்ட் ராஜம்மாள் ஆகிய நான் இன்ஸ்பெக்டரிடம் சொன்னது பொய். தினமும் நூறு பேருக்குமேல் ஏறினார்கள். அவர்கள் டிக்கெட் வாங்கவில்லை. எனக்குத் தெரிந்தே வாங்கவில்லை. கீழே கண்டவர்கள் டிக்கெட் இல்லாமல் பயணம் செய்ததை ஒப்புக்கொள்கிறார்கள். இனிமேல் வாங்குவார்கள். ரயிலை நிறுத்த வேண்டும். அவர் சொன்னது இவ்வளவுதான். ஓர் அலங்கார வார்த்தை சேர்க்கவும் விடவில்லை.

எழுதி முடித்ததும் பேனாவை மூடினேன். “அண்ணி, இதுல பேர் போடுறது இன்னா தெரியுமா? குத்தத்தை ஒத்துக்கிறது.”

“குத்தம்தான பண்ணோம்” என்றார்.

மாரியம்மன் கோயில் வாசலில் ஊரைக் கூட்டி அதைப் படித்துக் காட்டினார். முதலில் எழுந்தது அப்பாதுரை.

“நீ பண்ண தப்புக்கு ஊரை ஜெயிலுக்கு அனுப்பறியா? நீதான எழுதிக் கொடுத்த?”

“நான்தான் கொடுத்தேன். உங்களுக்காகக் கொடுத்தேன். இல்லன்னு சொல்லலயே. என் பேரு மேலயே இருக்குது பாருங்க.” அண்ணியின் குரல் ஏறவில்லை. “நூறு பேரு ஏறுனாங்கனு நான் ஒருத்தி சொன்னா இனிமே எவன் நம்புவான்? ஏறுனவங்க சொன்னாத்தான் நம்புவான். பொன்னி ஆஸ்பத்திரில படுத்துகினே ரேகை வெச்சுட்டா. ஒத்தைக் கால்காரி வெச்சிருக்கா. ரெண்டு காலும் இருக்கிறவங்க யோசிங்க.”

சடையன் வந்து போட்டான். பிறகு பெண்கள் ஒவ்வொருவராக வந்தார்கள். இரண்டு நாளில் நாற்பத்தொரு பேர். கடைசியில் அப்பாதுரையும் போட்டார், யார் முகத்தையும் பார்க்காமல்.

நான் போடவில்லை. அந்தக் காகிதத்தின் ஒவ்வொரு எழுத்தும் என் கையால் எழுதியது. பெயர் மட்டும் இல்லை. சர்க்கார் ஊழியன், வேலை போய்விடும் என்று எனக்கே சொல்லிக்கொண்டேன். அண்ணி பேனாவை என் பக்கம் நீட்டவும் இல்லை, ஏன் போடவில்லை என்று கேட்கவும் இல்லை. அதுதான் இன்னும் குத்துகிறது.

ரயில்வே கோட்ட அலுவலகத்துக்கு அண்ணி, சகாதேவன் அண்ணன், அப்பாதுரை மூவரும் போனார்கள். நானும் துணைக்குப் போனேன். அதிகாரி நடுத்தர வயதுக்காரர். நிதானமாக முழுவதையும் படித்தார். கீழே இருந்த பெயர்களையும், ரேகைகளையும், மறுபக்கம் திருப்பி அங்கே இருந்தவற்றையும் பார்த்தார். கண்ணாடியைக் கழற்றி வைத்துவிட்டு அண்ணியைப் பார்த்தார்.

“இருபது வருஷம் சர்வீஸ்ல இப்படி ஒரு மனுவை நான் பார்த்ததில்லைம்மா. இது மனுவே இல்லை. வாக்குமூலம். இதை நான் வாங்கினா இத்தனை பேர் மேலயும் நடவடிக்கை எடுக்கணும். உங்க மேல முதல்ல.”

“எடுங்க சார். எடுத்துட்டு ரயிலை நிறுத்துங்க.”

அவர் அந்தப் பெயர்களை இன்னொரு தடவை பார்த்தார். பிறகு சொன்னார், “நான் எடுத்தாலும் நிக்காதும்மா. உத்தரவு மேலே போய் வந்துடுச்சு. எங்களுக்குத் தெரியறது டிக்கெட் மட்டும்தான். நூறு பேர் ஏறினாங்கன்னா அந்த நூறு டிக்கெட் எங்கே?” காகிதத்தை மடித்து அண்ணியிடமே திருப்பிக் கொடுத்தார். “அந்த மூணு நாளாவது வந்து ஏறியிருக்கலாமே. நூறு டிக்கெட்டே வேணாம், ஐம்பது போயிருந்தாக்கூட மூடியிருக்க மாட்டாங்க.”

வெளியே வந்ததும் அப்பாதுரை நடைபாதை ஓரமாகக் குந்தி, துண்டால் முகத்தை மூடிக்கொண்டார். மூன்று நாளைக்கு யாரும் போகாதீர்கள் என்று தெருத்தெருவாகச் சொன்னவர் அவர்தான். அண்ணிதான் அவர் தோளைத் தட்டி எழுப்பினார். “எழுந்திருப்பா. நீ சொன்ன, நாங்க கேட்டோம். எல்லாருந்தான்.”

அதற்கப்புறம் எல்லாம் வேகமாக நடந்தது. 1984ல் பலகையைப் பிடுங்கிப் போனார்கள். கதவும் ஜன்னலும் யார் கொண்டுபோனார்கள் என்று தெரியாது. கூரை ஓடுகள் ஒவ்வொன்றாகக் குறைந்தன. மண்மேடு மழையில் கரைந்து, அதன்மேல் ஆவாரஞ்செடி முளைத்தது. 1985ல் தார் ரோடு எங்கள் ஊர்வரை வந்தது, டவுன் பஸ்ஸும் வந்தது. ரயில் நின்றிருந்தால் ரோடு வந்திருக்குமா என்று சிலர் ஆறுதலாகப் பேசினார்கள். பொன்னி கட்டைக்காலோடு வீட்டு வாசலில் கீரை போட்டு விற்றாள். கூடை தூக்கி டவுனுக்குப் போகும் தெம்பு அவளுக்குத் திரும்பவில்லை. அண்ணிக்குச் சத்துணவுக் கூடத்தில் அமைப்பாளர் வேலை கிடைத்தது. எட்டாவது படித்தது அதற்கும் உதவியது. அங்கே அவரோடு வேலை செய்த சமையல்காரி வெள்ளையம்மாள் ஒரு குறை சொல்வாள். நாப்பத்தெட்டுப் புள்ளைங்க சாப்பிட்டா நாப்பத்தெட்டுனுதான் இந்த அம்மா எழுதுது, அம்பதுனு எழுதுனா இன்னா கொறைஞ்சு போவுது என்று.

1989ல் திருவண்ணாமலை தனி மாவட்டம் ஆனது. நானும் புது ஜில்லா ஆபீசுக்கு மாற்றலாகி வந்தேன். அடுத்த வருஷம் ஒருநாள் அண்ணி ஏதோ சான்றிதழுக்காக அங்கே வந்திருந்தார். தலை நன்றாக நரைத்திருந்தது. மரத்தடி பெஞ்சில் அவர் பக்கத்தில் உட்கார்ந்தேன். ஆறேழு வருஷமாகச் சொல்ல நினைத்ததைச் சொன்னேன். “அண்ணி, அந்த மனுவுல நான் கையெழுத்துப் போடல. எழுதுன கை என்னுது, போடல. உங்களுக்குத் தெரியும். நீங்க ஒரு வார்த்தை கேக்கலயே.”

அவர் முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு சொன்னார். “உன் பேர நான் எழுதிட்டேன் தம்பி.”

எனக்குப் புரியவில்லை.

“ஊருலருந்து கிளம்புறதுக்கு முன்னாடி. நாப்பத்திரெண்டாவதா. உன் பேரு, தாலுகா ஆபீசு, எல்லாம் எழுதிட்டேன். அவ்ளோ கோவம் எனக்கு. ராத்திரி முழுக்க அந்தக் காகிதத்தைத் தலமாட்டுல வெச்சிகினு படுத்துருந்தேன்.” கொஞ்சம் நிறுத்தினார். “காலைல உன் ரெண்டாவது பொண்ணு எங்க வூட்டுக்குத் தயிர் வாங்க வந்துச்சு. நாலு வயசு அப்ப. அது போனப்புறம் பிளேடால சுரண்டி எடுத்துட்டேன்.”

அந்த அதிகாரி காகிதத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்தபோது நான் ஓர் அடி தூரத்தில் நின்றுகொண்டிருந்தேன். நாற்பத்தோராவது பெயருக்குக் கீழே தாள் ஓரிடத்தில் மெலிந்து, பஞ்சு பஞ்சாக இருந்ததை நானும் பார்த்திருக்கிறேன். ஈரம் பட்டிருக்கும் என்று நினைத்தேன்.

“மறுபடியும் ஒரு பொய்யிதான்” என்றார் அண்ணி. “இன்னா பண்றது. எனக்கு அப்படித்தான் வருது.”

உள்ளேயிருந்து பியூன் அவர் பெயரைக் கூப்பிட்டான். எழுந்து, முழங்காலைப் பிடித்து ஒரு நிமிஷம் நின்று, போனார். நான் அந்த பெஞ்சிலேயே இருந்தேன். சாப்பாட்டு நேரம் முடிந்து, ராமதாஸ் என்கிற எங்கள் செக்ஷன் ஆள் வந்து தோளைத் தொட்டு, உங்களை ஆபீசர் தேடுகிறார் என்று சொல்லும்வரை எனக்கு எழுந்திருக்கத் தோன்றவில்லை.